செயலாளரின் ஆண்டறிக்கை: சிற்பி அமர்நாத் சேகல் குறித்த நம் ஓராண்டுப் பணி

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும், செயற்குழுவினருக்கும், மயூர் விகாரிலிருந்தும் சுற்றுப்புறங்களிலிருந்தும் வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

ஆண்டுக்கு ஒரு கலைஞரை எடுத்துக்கொண்டு நிதானமாகப் படிப்பது என்று சென்ற பொதுக்குழுவில் தீர்மானித்தபோது, தில்லித் தமிழர்களுக்குப் பஞ்சாபிச் சிற்பி எதற்கு என்று சிலர் கேட்டார்கள். பிழைக்க வந்த ஊரின் கலையையும் தெரிந்துகொள்ள வேண்டும் என்று அன்று சொன்ன பதிலையே இன்றும் சொல்கிறேன்.

சேகல் 1922இல், இன்று பாகிஸ்தானில் உள்ள அட்டோக்கில் பிறந்தார். லாகூரில் படித்தவர், பிரிவினைக்குப் பின் தில்லிக்கு வந்தார். அவருடைய ‘கேளாத குரல்கள்’ என்னும் 1958ஆம் ஆண்டு வெண்கலச் சிற்பத்தைப் பார்க்க, ஜெய்ப்பூர் மாளிகையில் உள்ள தேசிய நவீனக் கலைக்கூடத்துக்குச் சென்றுவந்தோம். அதை முழு அரூபம் என்று சொல்வதை நான் ஏற்கவில்லை. மனித உருவை இழுத்து, மெலியவைத்து, கைகளை மட்டும் வானுக்கு உயர்த்தியிருக்கிறார். நம் மூத்த உறுப்பினரான மாமி ஒருவர் நெடுநேரம் நின்று பார்த்துவிட்டு, “இவா கும்பிடறாளா, கையை விரிக்கறாளா?” என்று கேட்டார். அன்று பேசிய எல்லோரையும்விட அவரே சரியாகப் பார்த்தார் என்பது என் கருத்து.

மே மாதம் சிறுவர்களுக்கு மெழுகு வார்ப்பு முறையை விளக்கினோம். கும்பகோணம் பக்கத்து உறுப்பினர் ஒருவர், சுவாமிமலையில் செய்வதுபோல் தேன்மெழுகோடு குங்கிலியமும் கடலை எண்ணெயும் சேர்த்துப் பிசைந்து, சிறிய உருவம் ஒன்றைச் செய்து காட்டினார். அதன்மேல் வண்டல் மண்ணைப் பூசிக் காயவைத்துச் சுட்டால் மெழுகு உருகி வெளியேறும், அந்த வெற்றிடத்தில் உலோகத்தை ஊற்றுவார்கள் என்று அவர் சொல்லிக்கொண்டிருந்தபோதே, தில்லி வெயிலில் உருவத்தின் தலை மெல்லச் சாய்ந்து தோளில் படுத்துக்கொண்டது. பிள்ளைகளுக்கு அதுதான் நினைவிருக்கிறது.

அக்டோபர்க் கூட்டத்தை, தில்லியில் மத்திய அரசின் மாநாட்டுக் கட்டடமான விஞ்ஞான பவனுக்குச் சேகல் செய்த சுவர்ச்சிற்பத்துக்கே ஒதுக்கினோம். மத்திய அரசு 1957இல் ஒப்படைத்த அந்த வேலையைச் சேகல் 1962இல் முடித்தார்: 140 அடி நீளமும் 40 அடி உயரமும் கொண்ட வெண்கலப் பரப்பு. 1979இல் கட்டடத்தைச் சீரமைத்தபோது அதைக் கழற்றிக் கிடங்கில் போட்டார்கள். பகுதிகள் உடைந்தன, சில காணாமல் போயின. சேகல் 1992இல் தில்லி உயர் நீதிமன்றத்தை அணுகினார். காசு கொடுத்து வாங்கிய பொருளை என்ன செய்வதும் உரிமையாளரின் விருப்பம் என்ற அரசின் வாதத்தை ஏற்காத நீதிமன்றம், 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 57ஆம் பிரிவு, படைப்பை விற்ற பிறகும் அதன் சிதைவை எதிர்க்கும் உரிமையைப் படைத்தவருக்கு அளிக்கிறது என்றும், முற்றாக அழிப்பது சிதைவிலேயே உச்சம் என்றும் 2005 பிப்ரவரியில் தீர்ப்பளித்தது. எஞ்சிய பகுதிகளைத் திருப்பித் தரவும், 5 லட்சம் ரூபாய் இழப்பீடு வழங்கவும் உத்தரவிட்டது. 2007 டிசம்பரில் சேகல் காலமானார். பத்ம பூஷண் அறிவிப்பு அதற்குப் பிறகு, 2008இல்தான் வந்தது. வந்த வரிசையை உறுப்பினர்கள் கவனிக்க வேண்டும்.

கேள்வி நேரத்தில், மெரினாவில் 1959 முதல் நிற்கும் ராய் சௌத்ரியின் உழைப்பாளர் சிலையை ஒருவர் நினைவூட்டினார். அது நிலைத்ததற்கு வெட்டவெளியில் நிற்பதும் ஒரு காரணம் என்று தோன்றுகிறது. சுவரோடு சேர்ந்த சிற்பத்தின் ஆயுள் சுவரின் உரிமையாளர் கையில் இருக்கிறது. அரங்கில் மின்சாரம் போய்ப் படக்காட்சி பாதியில் நின்றதற்கு வருந்துகிறேன்; மீதிப் படங்களை ஜனவரிக் கூட்டத்தில் காட்டினோம்.

வரவு செலவுக் கணக்கைப் பொருளாளர் தனியே சமர்ப்பிப்பார். மெழுகு வாங்கியதற்கான ரசீது மட்டும் என்னிடம் தங்கிவிட்டது. இந்த அறிக்கையுடன் இணைத்திருக்கிறேன்.