ஆச்சியின் படங்களை எண்ணித் தாருங்கள்

புனேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தின் பொறுப்பாளர்களுக்கும், தமிழ்நாடு அரசின் செய்தி மக்கள் தொடர்புத் துறை அதிகாரிகளுக்கும் வணக்கம்.

‘ஆச்சி’ என்று நாம் அழைக்கும் நடிகை மனோரமா எத்தனை படங்களில் நடித்தார் என்று கேட்டால் ஆளுக்கொரு கணக்குச் சொல்கிறார்கள். 1,000-க்கு மேல் என்று சொல்லிக் கின்னஸ் சாதனையைச் சுட்டுவோர் உண்டு. 1,200 என்பாரும், 1,500 என்று மேடையில் முழங்குவோரும் உண்டு. எண்ணைச் சொல்லிப் பெருமைப்படுகிறோமே தவிர, அந்தப் படங்கள் எவை, எந்த ஆண்டு வந்தவை, அவற்றில் அவர் ஏற்ற வேடம் என்ன என்று ஒன்றுவிடாமல் எழுதி, அரசோ காப்பகமோ பொறுப்பேற்று வெளியிட்ட பட்டியல் எதுவும் இதுவரை என் கண்ணில் பட்டதில்லை. அந்தப் பட்டியலைக் கேட்டுத்தான் இந்த மடலை எழுதுகிறேன்.

1937-இல் மன்னார்குடியில் கோபிசாந்தாவாகப் பிறந்து, தகப்பன் கைவிட்ட தாயோடு செட்டிநாட்டுப் பள்ளத்தூருக்கு வந்து சேர்ந்து, வறுமையால் படிப்பைப் பாதியில் விட்டு, சிறு வயதிலேயே நாடக மேடையேறியவர் அவர். எஸ்.எஸ்.ராஜேந்திரனின் நாடகக் குழுவில் பெயரெடுத்தபின், 1958-இல் கண்ணதாசன் தயாரித்த ‘மாலையிட்ட மங்கை’யில் நகைச்சுவை வேடத்தில் திரைக்கு வந்தார். மேடையில் கதாநாயகியாக நின்றவருக்கு அது மனக்குறையாகத்தான் இருந்தது. கதாநாயகிகளின் காலம் சில ஆண்டுகளில் முடிந்துவிடும், நகைச்சுவை நடிப்போ நீடித்து நிற்கும் என்று கவிஞர் எடுத்துச் சொன்னதைப் பின்னாளில் அவரே நன்றியோடு நினைவுகூர்ந்திருக்கிறார். அண்ணாவோடும் கருணாநிதியோடும் மேடையிலும், எம்.ஜி.ஆர்., ஜெயலலிதா, என்.டி.ராமாராவ் ஆகியோரோடு திரையிலும் நடித்தவர் என்ற செய்தி எல்லோரும் அறிந்தது; அதை இங்கே விரிக்கவில்லை.

நான் விரித்துச் சொல்ல விரும்புவது அவருடைய வாய்மொழியைப் பற்றி. 1968-இல் வெளிவந்த ‘தில்லானா மோகனாம்பாள்’ படத்தில், நாதசுரக் கலைஞர் சிக்கல் சண்முகசுந்தரத்தின் வாசிப்பைக் கேட்டு, ஜில் ஜில் ரமாமணியாக வரும் மனோரமா, இந்தச் சத்தம் உங்கள் நாயனத்தில் மட்டும்தான் வருமா, எல்லா நாயனத்திலும் வருமா என்று கேட்கும் இடத்தை எத்தனையோ முறை பார்த்திருக்கிறேன். அரங்கம் சிரிக்கிறது, ஆனால் அந்தக் குரலில் கேலி ஒரு துளியும் இல்லை. பெரிய வித்தையின் முன்னால் ஒரு சிறிய கலைஞருக்கு வரும் வியப்பும் பணிவும்தான் இருக்கின்றன. அதே ஆண்டில் வந்த ‘பொம்மலாட்டம்’ படத்துக்காக, ‘வா வாத்யாரே ஊட்டாண்ட’ என்று அசல் மெட்ராஸ் பாஷையில் பாடியவரும் இவரேதான். 1986-இல் ‘சம்சாரம் அது மின்சாரம்’ படத்தில் வீட்டு வேலைக்காரி கண்ணம்மாவாக வந்து, எதிராளியின் வாயை ஒரே சொற்றொடரால் திரும்பத் திரும்ப அடைத்தாரே, அதில் ஒவ்வொரு முறையும் சுருதி வேறு, அழுத்தம் வேறு. தஞ்சாவூர்ப் பேச்சும் செட்டிநாட்டுப் பேச்சும் சென்னைக் குப்பத்துப் பேச்சும் ஒரே நாவிலிருந்து இத்தனை பிசகின்றி வந்ததற்கு இணையான ஒலிப்பதிவு நம்மிடம் வேறு உண்டா என்று யோசித்துப் பாருங்கள்.

இவையெல்லாம் பெரிய நாயகர்களின் படங்கள் அல்லது பெரிய நிறுவனங்களின் படங்கள், அதனால் பிழைத்தன. ஆச்சியின் உழைப்பில் பெரும்பங்கு சின்னப் படங்களில் இருக்கிறது. இரண்டு வாரம் ஓடி, தொலைக்காட்சிக்கும் விற்கப்படாமல், தயாரிப்பாளரும் காலமாகிவிட்ட படங்கள் அவை. சில ஆண்டுகளுக்கு முன் எங்கள் பக்கத்தில் மூடப்பட்ட திரையரங்கு ஒன்றின் பின்னறையில், துருப்பிடித்த தகரப் பெட்டி ஒன்றைத் திறந்து பார்த்தேன். மூடியைத் தூக்கியதும் காடி நெடி மூக்கில் ஏறிக் கண் கலங்கியது. சுருள் அப்பளம் போல நெளிந்து, அடுக்கோடு அடுக்கு ஒட்டியிருந்தது. பெயர்ச்சீட்டில் ‘4’ என்ற எண் மட்டுமே மிச்சம். எந்தப் படத்தின் நான்காம் சுருள் அது என்று சொல்ல அங்கே யாரும் இல்லை. வெப்பமும் ஈரமும் சேர்ந்தால் அசிட்டேட் படச்சுருள் தானாகவே அமிலம் கக்கிச் சிதையும் என்பதும், அந்த ஆவி பக்கத்துப் பெட்டிகளையும் கெடுக்கும் என்பதும் நான் உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. தொலைக்காட்சியில் அவர் நடித்தவற்றின் நிலையும் கவலைக்குரியதே; பழைய காந்த நாடாக்கள் தேய்கின்றன, அவற்றை ஓட்டும் கருவிகளும் அருகிவருகின்றன.

பட்டியல் போடுவது நடக்காத காரியமல்ல. ஃபிலிம் நியூஸ் ஆனந்தன் வாழ்நாளெல்லாம் திரட்டிய தமிழ்த் திரைப்படத் தகவல்கள் 2004-இல் அரசின் உதவியோடு நூலாகவே வந்திருக்கின்றன. தணிக்கைச் சான்றிதழ்களின் பதிவுகள் இருக்கின்றன. சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தில் பழைய சினிமாப் பாட்டுப் புத்தகங்கள் இருக்கின்றன. அந்தச் சேகரிப்பைத் தொடங்கிய முத்தையாவின் ஊர் கோட்டையூர். ஆச்சி வளர்ந்த பள்ளத்தூருக்கு அது பக்கத்து ஊர். இந்த மூன்றையும் ஒப்பிட்டுப் பார்க்க நாலைந்து பேரும் ஒரு மேசையும் போதும்.

ஆகவே மாநில அரசு முதலில் பட்டியலைத் தயாரித்து, எந்தப் படத்தின் நெகட்டிவ் எங்கே இருக்கிறது, எதற்குப் பிரதி மட்டும் மிஞ்சியது, எது எங்குமே இல்லை என்பதை ஒளிக்காமல் குறிக்க வேண்டும். பிறகு காப்பகத்தார், புகழ்பெற்ற படங்களுக்கு முன்னுரிமை தரும் வழக்கத்தை இந்த ஒரு பணிக்காவது தள்ளிவைத்து, பெயர் தெரியாத படங்களின் சுருள்களை முதலில் எடுத்துக் குளிரறைக்குக் கொண்டுபோக வேண்டும். புகழ்பெற்றவற்றுக்கு எங்காவது இன்னொரு பிரதி இருக்கும், மற்றவற்றுக்கு இராது. அவரோடு நடித்தவர்களிலும், ஒப்பனை, ஒலிப்பதிவு, படத்தொகுப்பு செய்தவர்களிலும் இன்னும் நம்மோடு இருப்பவர்களின் நினைவுகளையும் உடனே பதிவு செய்யுங்கள். அவர்களில் பலர் முதுமையில் இருப்பவர்கள்.

மத்திய அரசு 2002-இல் அவருக்குப் பத்மஸ்ரீ வழங்கியது. ‘புதிய பாதை’க்காகத் தேசிய விருதும் கிடைத்தது. 2015 அக்டோபர் 10 அன்று அவர் மறைந்தபோது ஆட்சியிலிருந்தவர்களும் இல்லாதவர்களும் வந்து மாலை வைத்தார்கள். மே 26 அவர் பிறந்த நாள். வருகிற பிறந்த நாளன்று, முழுமையாக இல்லாவிட்டாலும், முதல் நூறு படங்களின் பட்டியலையாவது வெளியிடுங்கள். விடுபட்டவற்றைத் தேடித் தர எங்கள் வட்டாரத்தில் நானும் என் நண்பர்களும் ஊர் ஊராகப் போகத் தயாராக இருக்கிறோம்.

இங்ஙனம்,
சிவகங்கை மாவட்டத்திலிருந்து ஒரு ரசிகன்