ஒழுகும் குழாய்

அன்புள்ள மல்லிகா,

உன் கடிதம் போன வாரமே வந்துவிட்டது. பெரியவனுக்கு வேலை கிடைத்த சேதியை அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். அவளுக்கு ஒரே சந்தோஷம். இங்கே திருச்சூரில் மழை விட்டபாடில்லை.

மலையாளப் படத்தில் அப்படி என்னடி இருக்கிறது என்று கேட்டிருந்தாய். ஞாயிற்றுக்கிழமை அம்மாவோடு உட்கார்ந்து, 2021-ல் வந்த ‘தி கிரேட் இந்தியன் கிச்சன்’ மறுபடி பார்த்தேன். மாமனாருக்குச் சோறு விறகடுப்பில்தான் வேகவேண்டும், துவையல் அம்மியில்தான் அரைக்கவேண்டும். ஆண்கள் சாப்பிட்டு எழுந்த மேசையெல்லாம் மென்று போட்ட முருங்கைக்காய்ச் சக்கை. அதே மேசையில்தான் பெண்கள் பிறகு உட்காரவேண்டும். பாத்திரம் கழுவும் தொட்டிக்கடியில் குழாய் ஒழுகுகிறது. ஆள் கூட்டிவரச் சொல்லிச் சொல்லி அந்த வீட்டு மருமகள் ஓய்ந்துபோகிறாள், கணவன் காதில் விழுவதேயில்லை. கடைசியில் அந்த அழுக்குத் தண்ணீரையே அப்பன் மகன் இருவர் முகத்திலும் வீசிவிட்டு வெளியேறுகிறாள்.

படம் முடிகிறவரை அம்மா வாய் திறக்கவில்லை. பிறகு, “அடுக்களைக்கு ஒரு ஜன்னல் வைக்க உங்க அப்பாகிட்ட பதினோரு வருஷம் கேட்டேன்” என்றாள். இத்தனை நாள் எனக்கு இது தெரியாது மல்லிகா. ராத்திரி தூக்கமே வரவில்லை.

இந்தத் துணிச்சல் மலையாளப் படக்காரர்களுக்குப் புதிதும் இல்லை. 1973-லேயே எழுத்தாளர் எம்.டி. வாசுதேவன் நாயர் ‘நிர்மால்யம்’ எடுத்தார். வறுமையில் வெந்துபோன வெளிச்சப்பாடு, அதாவது கோயில் சாமியாடி, வாளால் நெற்றியை வெட்டிக்கொண்டு, வழியும் ரத்தத்தைத் தான் கும்பிட்ட பகவதி மேலேயே துப்புவான். அந்த வேடத்தில் நடித்த பி.ஜே. ஆண்டனிக்கு அதற்குத் தேசிய விருது கிடைத்தது. அந்தச் சாமியாட்டச் சடங்கோடு வளர்ந்தவரால்தான் அப்படி எடுக்க முடியும் என்று எனக்குத் தோன்றுகிறது.

ஆனாலும் ஒன்று மனதை அறுக்கிறது. மலையாளத்தின் முதல் படம் ‘விகதகுமாரன்’. எடுத்த ஜே.சி. டேனியல் நம் அகஸ்தீஸ்வரத்தில் பிறந்தவர். அதில் நாயர் பெண்ணாக நடித்த பி.கே. ரோஸி, ஒடுக்கப்பட்ட புலையர் சாதி. அந்த ஒரு காரணத்துக்காகத் திரையில் கல்லெறிந்து, அவரைத் திருவனந்தபுரத்தை விட்டே துரத்தினார்கள். லாரி ஏறி நாகர்கோவிலுக்குத் தப்பி வந்தவர், அந்த லாரி ஓட்டுநரையே மணந்துகொண்டு அங்கேயே வாழ்ந்தார். அதன்பின் நடிக்கவேயில்லை.

நாகர்கோவிலில் நாம் படித்த அத்தனை வருஷத்தில் அந்தப் பெயரை ஒருவர்கூட நமக்குச் சொன்னதில்லை, பார். உன் மாமனாருக்குப் பழைய லாரிக்காரர்கள் பழக்கம்தானே? யாருக்காவது ரோஸியைப் பற்றி ஏதாவது ஞாபகம் இருக்கிறதா என்று கேட்டு எழுது.

அன்புடன்,
கலா