சிஸ்டம்32-ல் ஒட்டச் சொல்லலாமா?

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற இதழின் கணினிக் கேள்வி-பதில் பகுதியில், ‘எம்எஸ்விசிபி140.டிஎல்எல் இல்லை என்று எர்ரர் வருகிறது, என்ன செய்வது?’ என்று ஒரு வாசகி கேட்டிருந்தார். அந்தப் பெயரை இணையத்தில் தேடி, கோப்பை இறக்கி, விண்டோஸின் சொந்தக் கோப்புகள் இருக்கும் சிஸ்டம்32 ஃபோல்டரில் ஒட்டிவிட்டு, கோப்பைப் பதிவுசெய்யும் ‘ரெக்எஸ்விஆர்32’ கட்டளையைக் கொடுக்கும்படி பதில் சொல்லியிருக்கிறீர்கள். கணினி பழுதுபார்த்துப் பிழைக்கிறவன் நான். இதே யோசனையைச் செய்து பார்த்துவிட்டு, அப்புறம் கணினியைத் தூக்கிக்கொண்டு என் கடைக்கு வருகிறவர்களை அடிக்கடி பார்க்கிறேன். அதனால்தான் இந்தக் கடிதம்.

டிஎல்எல் என்பது பல புரோகிராம்கள் பொதுவாக எடுத்தாளும் கோப்பு. ஊர்ப் பொதுவில் அண்டா, குண்டான், ஜமக்காளம் எல்லாம் கிடக்கும். கல்யாண வீட்டார் வந்து எடுத்துப் போவார்கள், வீட்டுக்கு வீடு வாங்கி வைப்பதில்லை. அதே ஏற்பாடுதான் இது. இடம் மிச்சம் என்பது ஒரு பக்கம். பாதுகாப்புக் குறை ஒன்று தெரியவந்தால், பொதுக் கோப்பை ஒரு தடவை மாற்றினால் போதும், அதை நம்பியிருக்கும் எல்லா புரோகிராமுக்கும் சேர்த்துச் சரியாகிவிடும். ஆனால் அண்டா காணாமல் போனால் எந்த வீட்டிலும் உலை ஏறாது.

போன மாதம் ஒரு மருந்துக்கடைக்காரர் வந்தார். பில்லிங் புரோகிராம் திறக்கவில்லை, இதே எம்எஸ்விசிபி140 புகார். அவருடைய அக்கா மகன் உங்கள் பதிலில் சொன்னபடியே கோப்பை இறக்கி சிஸ்டம்32-ல் ஒட்டியிருக்கிறான். ‘இதே பெயரில் ஏற்கெனவே ஒன்று இருக்கிறது, மாற்றவா?’ என்று விண்டோஸ் கேட்டிருக்கிறது. அவனும் சரி என்று தட்டிவிட்டான். ‘இல்லை’ என்று சொன்ன கோப்பு எப்படி ஏற்கெனவே இருக்கும் என்று அவனுக்கு அங்கேயே சந்தேகம் வந்திருக்க வேண்டும்!

விஷயம் இதுதான். புரோகிராம்களில் 32 பிட், 64 பிட் என்று இரண்டு வகை உண்டு; ஒரு வகைக்கு மற்ற வகையின் கோப்பு உதவாது. 64 பிட் விண்டோஸில், சிஸ்டம்32 என்ற பெயருள்ள ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகள் இருப்பதோ சிஸ்வாவ்64 என்ற ஃபோல்டரில். பெயர் வைத்த புண்ணியவானைத்தான் கேட்க வேண்டும். பில்லிங் புரோகிராம் 32 பிட். அது தேடியது சிஸ்வாவ்64-ல். பையன் ஒட்டியதும் 32 பிட் கோப்புதான், ஆனால் ஒட்டிய இடம் தப்பு. நல்ல 64 பிட் கோப்பு அழிந்தது. பில்லிங் அப்படியே படுத்துக் கிடக்க, அதுவரை ஓடிக்கொண்டிருந்த வேறு இரண்டு புரோகிராம்களும் நின்றுவிட்டன.

நான் செய்தது பெரிய வேலை இல்லை. அந்தக் கோப்பு மைக்ரோசாஃப்டின் ‘விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்’ என்ற, பல புரோகிராம்களுக்கும் பொதுவான டிஎல்எல்கள் அடங்கிய தொகுப்பைச் சேர்ந்தது. மைக்ரோசாஃப்ட் தளத்திலேயே இலவசமாகக் கிடைக்கிறது. 64 பிட் தொகுப்பை நீக்கி மறுபடி போட்டேன், 32 பிட் தொகுப்பைப் புதிதாகப் போட்டேன். இரண்டுமே வேண்டும், ஒன்று மற்றதற்கு ஈடாகாது. டீ ஆறுவதற்குள் பில் அடித்துப் பார்த்துவிட்டார்.

எந்தத் தொகுப்பு என்பதைக் கோப்பின் பெயரிலுள்ள எண்ணே சொல்லிவிடும். 100 என்றால் 2010-ஆம் ஆண்டுப் பதிப்பு, 110 என்றால் 2012, 120 என்றால் 2013. 140 என்றால் 2015-க்கும் அதற்குப் பின் வந்த பதிப்புகளுக்கும் ஒரே தொகுப்பு. கண்ட்ரோல் பேனலில் இவை வரிசையாக நிற்பதைப் பார்த்து, ‘ஒரே சாமான் எதற்கு இத்தனை?’ என்று இடத்தை மிச்சம் பிடிக்க அழித்துவிடுகிறவர்களும் உண்டு. பாதிப் புகார்கள் அங்கிருந்துதான் கிளம்புகின்றன. பழைய கேம்கள் கேட்கும் டி3டிஎக்ஸ்9_43 போன்றவை தனி ரகம். கேம்களின் படம், ஒலிக்கு உதவும் மைக்ரோசாஃப்டின் டைரக்ட்எக்ஸில் 2010 ஜூன் தொகுப்பைப் போட்டால் வந்துவிடும்.

காணாமல் போனது விண்டோஸின் சொந்தக் கோப்பாக இருந்தால், அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்த கமாண்ட் பிராம்ப்டில் (கட்டளைகளைத் தட்டச்சு செய்யும் ஜன்னல்) முதலில், விண்டோஸ் சேமித்து வைத்திருக்கும் மூலக் கோப்புகளைச் சரிசெய்யும் டிஐஎஸ்எம் கட்டளையின் ‘ரீஸ்டோர்ஹெல்த்’, அப்புறம் அவற்றைக் கொண்டு பழுதான கோப்புகளை மீட்கும் ‘எஸ்எஃப்சி ஸ்கேன்நவ்’ கொடுக்க வேண்டும். குறிப்பிட்ட ஒரு புரோகிராமின் கோப்பு என்றால் அந்த புரோகிராமையே மறுபடி நிறுவலாம். அதற்கு முன் ஆன்டிவைரஸ் அதைப் பிடித்து அடைத்து வைத்திருக்கிறதா என்று பார்த்துவிடுவது நல்லது. நீங்கள் சொன்ன ரெக்எஸ்விஆர்32 கட்டளை, விண்டோஸில் பதிவுசெய்தால்தான் வேலை செய்யும் ‘காம்’ (COM) வகை டிஎல்எல்களுக்கு மட்டுமே. எம்எஸ்விசிபி140-க்குக் கொடுத்தால், பதிவுசெய்வதற்கான நுழைவுப் புள்ளி அதில் இல்லை என்று இன்னொரு எர்ரர்தான் வரும்.

தனியாக இறக்கிய கோப்பில் வேறொரு ஆபத்தும் இருக்கிறது. ஒரு டிஎல்எல் தன்னை அழைத்த புரோகிராமுக்குள்ளேயே, அதற்குரிய எல்லா அதிகாரத்தோடும் ஓடும். பில்லிங் புரோகிராமுக்குத் தெரிந்ததெல்லாம் அதற்கும் தெரியும். முகம் தெரியாத தளத்திலிருந்து வந்த கோப்பை அந்த இடத்தில் உட்கார வைக்கலாமா? விண்டோஸுக்குப் பதில் லினக்ஸ் வைத்திருப்பவர்களுக்கும், அங்கே டிஎல்எல் போலப் பயன்படும் .எஸ்ஓ கோப்புகள் காணாமல் போவதுண்டு. அவர்கள் அந்தக் கோப்பு எந்தப் பேக்கேஜை (மென்பொருள் தொகுப்பை) சேர்ந்தது என்று பார்த்து, அந்தப் பேக்கேஜை நிறுவுவார்கள்.

அடுத்த இதழில் அந்தப் பதிலுக்கு ஒரு திருத்தம் போடுங்கள். கேள்வி கேட்ட வாசகி ஏற்கெனவே ஒட்டிவிட்டிருந்தால், ஒட்டியதை நீக்கிவிட்டு இரண்டு தொகுப்புகளையும் நிறுவச் சொல்லுங்கள்.

— கணினி பழுதுபார்க்கும் வாசகர் ஒருவர், கோவில்பட்டி