ஜீனோவை மறுபடி காட்டுங்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

சுஜாதாவின் ‘என் இனிய இயந்திரா’ தூர்தர்ஷனில் தொடராக வந்த காலத்தில் எங்கள் தெருவில் ஒரே வீட்டில்தான் டிவி. அந்த வீட்டு அண்ணன் மொட்டைமாடியில் ஆண்டெனாவைத் திருப்புவார். ‘தெரியுது, அப்படியே விடுங்க!’ என்று கீழிருந்து கத்துவோம். புள்ளி புள்ளியான திரையில் ஜீனோ என்ற இயந்திர நாய் வந்துவிட்டால் மூச்சுச் சத்தம்கூடக் கேட்காது. இயந்திரத்தின் மேல் பாசம் வரும் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

அப்புறம் 1998-இல் இயக்குநர் கேத்தன் மேத்தாவின் ‘கேப்டன் வியோம்’ என்ற இந்தித் தொடர். விண்வெளிச் சிறையிலிருந்து தப்பிய குற்றவாளிகளை நடிகர் மிலிந்த் சோமன் துரத்துவதை, இந்தி தெரியாமலே ஒரு வாரம்கூட விடாமல் பார்த்தேன்.

பதிவு நாடாக்கள் வீணாகுமுன் தூர்தர்ஷன் இவற்றைச் சீர்செய்து, முழுமையாக மறு ஒளிபரப்பு செய்ய வேண்டும். என் பேத்திக்கு ஜீனோவைக் காட்ட வேண்டும்.

இப்படிக்கு,
ஒரு வாசகி, மதுரை