தேர்தலில் நிற்கப்போகும் மகனுக்கு

அன்புள்ள தம்பிக்கு,

வருகிற தேர்தலில் நிற்கச் சொல்லிக் கட்சியில் கேட்டிருக்கிறார்கள் என்று அம்மாவிடம் போனில் சொன்னாயாம். என்னிடம் சொல்லத் தயங்கினாய் போலிருக்கிறது. எனக்குக் கோபம் எதுவும் இல்லையப்பா. நீயும் ஒரு பத்திரிகை நடத்துகிறவன் என்பதாலோ என்னவோ, அன்று ராத்திரி தூக்கம் வராமல் புரண்டபோது சி.பா.ஆதித்தனார் ஞாபகம்தான் வந்தது.

லண்டனில் பாரிஸ்டர் படித்து, சிங்கப்பூரில் வக்கீலாக இருந்தவர். 1942-இல் இங்கே திரும்பி மதுரையில் ‘தினத்தந்தி’யைத் தொடங்கினார். போர்க்காலம், காகிதத்துக்குப் பஞ்சம். வைக்கோலை அரைத்துக் கூழாக்கிக் கையாலேயே காகிதம் செய்தார்கள் என்பார்கள். எனக்கு அதைவிடப் பெரிதாகப் படுவது அவர் எழுதச் சொன்ன தமிழ். ஜனங்கள் பேசுகிற தமிழைக் கொச்சை நீக்கி எழுது என்றார். சின்னச் சின்ன வாக்கியம், கொட்டை எழுத்தில் தலைப்பு. உன் தாத்தா இரண்டாம் வகுப்போடு நின்றவர். டீக்கடை பெஞ்சில் யாராவது பேப்பரை உரக்கப் படிக்க, பக்கத்தில் உட்கார்ந்து தலைப்புகளை எழுத்துக் கூட்டிக் கூட்டித்தான் வாசிக்கப் பழகினார். கடைசி வரைக்கும் பேப்பர் வராத நாளில் அவருக்குப் பொழுது விடியாது.

ஆதித்தனார் பத்திரிகை நடத்திக்கொண்டே அரசியலிலும் இருந்தார். 1958-இல் ‘நாம் தமிழர்’ இயக்கம். 1967-இல் ஸ்ரீவைகுண்டத்தில் ஜெயித்து, அண்ணா முதலமைச்சரானபோது சபாநாயகர் ஆனார். பேரவை கூடியதும் திருக்குறள் வாசிக்கிற வழக்கம் அவர் கொண்டுவந்தது. அப்புறம் கலைஞர் அமைச்சரவையில் கூட்டுறவுத் துறை அமைச்சர். பேப்பர் கையில் இருந்ததால்தான் இவ்வளவும் என்று சிலர் சுலபமாகச் சொல்லிவிடுவார்கள். இரண்டாம் வகுப்புப் படித்தவருக்கு எது புரியும் என்று இருபத்தைந்து வருஷம் யோசித்த மனுஷர், மேடையில் யாரிடம் பேசுகிறோம் என்பதை அறிந்திருப்பார். என் கணக்கு அதுதான்.

அந்தப் பழக்கம் உனக்கும் இருக்கிறது. என் கவலை வேறு. உன் வாரப் பத்திரிகையை வாங்குகிறவர்களில் எல்லாக் கட்சிக்காரரும் உண்டு. தெருவில் தண்ணீர் வரவில்லை என்று நீ செய்தி போட்டபோது ஒருவர்கூடச் சந்தேகப்படவில்லை. நாளைக்கு நீயே வேட்பாளர். அதே செய்தியைப் போட்டால் ஓட்டுக்காக என்பார்கள், போடாவிட்டால் மறைத்துவிட்டான் என்பார்கள். பாவம், தண்ணீர் வராத வீட்டுக்காரர் யாரிடம் போவார்?

ஆகவே மனு தாக்கல் செய்வதற்கு முன்பே ஆசிரியர் பொறுப்பை வேறு ஒருவரிடம் கொடுத்துவிடு. உனக்கு ஆமாம் போடாத ஆளாகப் பார். நீ நிற்கிற விஷயத்தையும், இனிமேல் பத்திரிகையில் கை வைக்கப்போவதில்லை என்பதையும் முதல் பக்கத்தில் நீயே எழுது. உன்னைத் திட்டி வருகிற கடிதங்களையும் போடச் சொல்.

சரி, எழுதியதும் அச்சுக்கு அனுப்புமுன் எனக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பு. உன் தாத்தாவுக்குப் புரிந்திருக்குமா என்று பார்த்துச் சொல்கிறேன்.

அன்புடன்,
அப்பா