ஆசியான் பொருளாதார அமைச்சர்களுக்கு ஒரு திறந்த மடல்: தனித்தனியாகப் பேரம் பேசியது போதும்

மாண்புமிகு அமைச்சர்களுக்கு வணக்கம்.

மலேசியாவின் கிள்ளான் துறைமுகத்தில், சரக்கு அனுப்பும் ஒரு சிறிய முகவர் அலுவலகத்தில் இருபது ஆண்டுகளுக்கு மேலாகப் பத்திர வேலை பார்க்கிறேன். தென்கிழக்காசிய நாடுகளின் கூட்டமைப்பான ஆசியானின் மாநாட்டில் நீங்கள் கையெழுத்திடும் ஒவ்வோர் ஒப்பந்தமும் சில மாதங்களிலோ சில ஆண்டுகளிலோ ஒரு படிவமாக என் மேசைக்கு வந்து சேரும். பொருளாதாரம் படித்தவள் இல்லை நான். ஆனால் எந்தப் பெட்டி எங்கே போகிறது, எது எங்கே மாட்டிக்கொள்கிறது என்பது எனக்குத் தெரியும். அதை வைத்துத்தான் இந்த மடலை எழுதுகிறேன்.

2025 ஏப்ரல் 3-ஆம் தேதி காலை எங்கள் அலுவலகத்தில் போன் ஓயவே இல்லை. அமெரிக்கா முந்தைய இரவுதான் புதிய இறக்குமதி வரிகளை அறிவித்திருந்தது. கம்போடியாவுக்கு 49 சதவீதம், லாவோசுக்கு 48, வியட்நாமுக்கு 46, தாய்லாந்துக்கு 36, இந்தோனேசியாவுக்கு 32, எங்கள் மலேசியாவுக்கு 24. "கப்பலில் ஏற்றாதீர்கள், கொஞ்சம் பொறுங்கள்" என்று ஒருவர் சொல்வார். "இன்றைக்கே ஏற்றிவிடுங்கள்" என்று அடுத்தவர் சொல்வார். யாருக்கும் எதுவும் புரியவில்லை. ஒரு வாரம் கழித்து நீங்கள் பத்துப் பேரும் கூடிப் பேசி, பதிலடி வரி போட மாட்டோம் என்று கூட்டாக அறிவித்தீர்கள். அடுத்ததாக ஒரே குரலில் பேரம் பேசுவீர்கள் என்று நான் நம்பினேன்.

அது நடக்கவில்லை. ஒவ்வொருவரும் தனித்தனியாக வாஷிங்டனுக்குப் போனீர்கள். ஆகஸ்ட் மாதம் வியட்நாமுக்கு 20 சதவீதம், மலேசியா, தாய்லாந்து, இந்தோனேசியா, பிலிப்பைன்ஸ், கம்போடியாவுக்கு 19 என்று முடிந்தது. நம்மிடையே மிகவும் ஏழ்மையில் இருக்கும் லாவோசுக்கும் மியன்மாருக்கும் 40. கையில் பேரம் பேச எதுவும் இல்லாத நாடு அதிகம் கட்ட வேண்டியதாயிற்று. அந்த விகிதம் எத்தனை முறை மாறினாலும் சரி, அந்த நான்கு மாதங்கள் நமக்குக் காட்டியது மாறாது. நம் வளர்ச்சியின் பெரிய பங்கு தூரத்தில் இருக்கும் ஒருசில வாங்குபவர்களை நம்பித்தான் நிற்கிறது.

இத்தனைக்கும் நம் வட்டாரத்தில் ஏறத்தாழ 68 கோடி பேர் இருக்கிறோம். ஆசியான் தடையற்ற வணிக வட்டாரத்துக்குக் கையெழுத்துப் போட்டது 1992-இல். இன்று நமக்குள் போகும் பொருள்களில் பெரும்பாலானவற்றுக்குச் சுங்க வரி பூஜ்யம். அப்படியிருந்தும் நம் மொத்த வணிகத்தில் நமக்குள் நடப்பது நாலில் ஒரு பங்கைச் சுற்றியே பல ஆண்டுகளாக நிற்கிறது. அண்மைய ஆண்டுகளில் அதற்கும் கீழே இறங்கிவிட்டது. ஐரோப்பிய ஒன்றியத்தில் இது ஏறத்தாழ 60 சதவீதம். வரி இல்லாத சந்தையில் வணிகம் ஏன் வளரவில்லை என்று நீங்கள் ஆய்வாளர்களைக் கேட்டிருப்பீர்கள். நான் பார்த்ததையும் சொல்கிறேன்.

சில ஆண்டுகளுக்கு முன் எங்கள் வாடிக்கையாளர் ஒருவர், முப்பது பேரை வைத்து பிஸ்கட் செய்கிறவர், பக்கத்து நாடு ஒன்றுக்கு முதல் முறையாக ஒரு கன்டெய்னர் அனுப்பினார். ஆசியான் நாட்டுப் பொருள் என்று காட்டும் ‘படிவம் டி’ எடுத்தோம். மதிப்பில் 40 சதவீதமாவது இந்த வட்டாரத்தில் உருவானது என்று நிரூபிக்கும் கணக்கெல்லாம் சரியாக இருந்தது. பெட்டி அங்கே இறங்கியதும், பொருளை எந்த வகையில் சேர்ப்பது என்று காட்டும் சுங்க வகைப்பாட்டு எண் தங்கள் கணக்கில் வேறு என்றார்கள். படிவம் செல்லாது, முழு வரி கட்டு என்றார்கள். அது தீர்வதற்குள் லேபிளில் ஒரு வாசகம் உள்ளூர் மொழியில் இல்லை என்று இன்னொரு தடை. உணவுத் துறைப் பதிவு தனி. பெட்டி துறைமுகத்தில் தேங்கும் நாள்களுக்குக் கப்பல் நிறுவனம் கேட்கும் கட்டணமான டெமரேஜ் நாளுக்கு நாள் ஏறியது. கடைசியில் பெட்டி வெளியே வந்தபோது அந்த பிஸ்கட்டை விற்றுக் கிடைக்கும் லாபத்தைப் போல இரண்டு மடங்கு செலவாகியிருந்தது. அவர் அதற்குப் பிறகு அந்த நாட்டுக்கு எதையும் அனுப்பவில்லை. "உள்ளூரிலேயே விற்றுக்கொள்கிறேன் அம்மா" என்றார்.

பெரிய நிறுவனங்களுக்கு இது பெரிய விஷயமில்லை. அவர்களிடம் வழக்கறிஞர் இருக்கிறார், ஒவ்வொரு நாட்டிலும் ஆள் இருக்கிறது. அடிபடுவது சிறியவர்கள்தான். இந்த வட்டாரத்தில் பெரும்பாலானோர் வேலை பார்ப்பதும் சிறிய தொழில்களில்தான் என்பது உங்களுக்குத் தெரியாததல்ல. ஆசியான் சரக்கு வணிக ஒப்பந்தத்தைப் புதுப்பித்து 2025 அக்டோபரில் கோலாலம்பூரில் கையெழுத்திட்டீர்கள். மகிழ்ச்சிதான். ஆனால் சுங்கச் சாவடியில் உட்கார்ந்திருக்கும் அதிகாரிக்கு அது எப்போது போய்ச் சேரும்?

நான் ரப்பர் தோட்டத்தில் பிறந்தவள். என் தாத்தாவும் பாட்டியும் பால்மரம் சீவினார்கள். அந்தப் பால் கப்பலேறி எங்கோ போய் டயராகித் திரும்பி வந்தது. லாபம் போன இடத்திலேயே தங்கிவிட்டது. அதற்குப் பிறகு நாம் எவ்வளவோ முன்னேறிவிட்டோம். 1972-இல் பினாங்கின் பாயான் லெப்பாசில் தொடங்கிய மின்னணுத் தொழில், இன்று உலகின் சில்லுகளைப் பொதியிட்டுச் சோதிக்கும் வேலையில் ஏறத்தாழ 13 சதவீதத்தை மலேசியாவுக்குக் கொண்டுவந்திருக்கிறது. 1986-இல் ‘தொய் மொய்’ என்ற பொருளாதாரச் சீர்திருத்தத்தைத் தொடங்கிய வியட்நாம், ஒரு தலைமுறைக்குள் பட்டினியிலிருந்து மீண்டு, உலகத்துக்கே கைப்பேசி செய்து அனுப்புகிறது. இதையெல்லாம் குறைத்துச் சொல்ல மாட்டேன். ஆனால் வடிவமைப்பும் முக்கியமான உதிரிபாகங்களும் பெரும்பாலும் இன்னும் வெளியிலிருந்துதான் வருகின்றன. நம் பங்கு பொருத்துவதும் சோதிப்பதும். பாட்டியின் பால் வாளி எனக்கு நினைவுக்கு வருவது அதனால்தான்.

இந்தோனேசியா இதை மாற்ற முயன்றது. 2020 ஜனவரியிலிருந்து நிக்கல் தாதுவை அப்படியே ஏற்றுமதி செய்யத் தடை போட்டது. தாது வேண்டுமென்றால் இங்கே வந்து உருக்கு என்றது. அந்த எண்ணம் நியாயமானது என்றே நான் நினைக்கிறேன். உருக்காலைகளும் வந்தன. ஆனால் அவற்றில் பெரும்பகுதி சீன முதலீடு. ஓடுவது நிலக்கரி மின்சாரத்தில். 2023 டிசம்பரில் மொரோவாலியில் ஒரு நிக்கல் உருக்காலையின் உலை வெடித்து 20 பேருக்கு மேல் இறந்துபோனார்கள். மதிப்பு கூட்டுவது என்றால் தொழிலாளியின் உயிருக்கும் மதிப்பு கூட வேண்டாமா?

அதே இந்தோனேசியாவில் இன்னொரு கணக்கு என்னைத் தூங்கவிடாமல் செய்தது. கொரோனா ஆண்டுகளை விட்டுவிட்டால் அந்த நாடு ஆண்டுக்கு 5 சதவீதத்தை ஒட்டி வளர்ந்துகொண்டே இருக்கிறது. ஆனால் 2019-இல் 5.73 கோடியாக இருந்த நடுத்தர வர்க்கம் 2024-இல் 4.785 கோடியாகக் குறைந்துவிட்டது என்று அந்நாட்டுப் புள்ளிவிவரத் துறையே சொல்கிறது. நாடு வளர்ந்திருக்கிறது, கிட்டத்தட்ட ஒரு கோடிப் பேர் கீழே இறங்கியிருக்கிறார்கள். நமக்குள் விற்று வாங்க வேண்டும் என்றால் வாங்கும் கையில் காசு இருக்க வேண்டும். தாய்லாந்தில் குடும்பங்களின் கடன் நாட்டின் மொத்த உற்பத்தியில் 90 சதவீதத்தை நெருங்கி நிற்கிறது. பிறப்பு குறைந்து, பணக்கார நாடாவதற்கு முன்பே அந்த நாடு முதுமை அடைகிறது. அவர்கள் எதை வாங்குவார்கள்?

அப்புறம் தொழிலாளர்கள். தாய்லாந்தின் மீன் தொழிற்சாலைகளை மியன்மார் மக்கள் தாங்குகிறார்கள். எங்கள் செம்பனைத் தோட்டங்களை இந்தோனேசியர்கள் தாங்குகிறார்கள். பிலிப்பைன்ஸ் நாட்டவர் வெளிநாடுகளிலிருந்து 2024-இல் வீட்டுக்கு அனுப்பிய பணம் 3,800 கோடி டாலருக்கு மேல். பொறியாளர், மருத்துவர், தாதியர், கணக்காளர் என எட்டுத் துறைகளின் தகுதியை ஒருவருக்கொருவர் ஏற்றுக்கொள்ள உங்களிடம் ஏற்பாடு இருக்கிறது. வீட்டு வேலைக்கு வரும் பெண்ணுக்கும் செம்பனைப் பழக்குலை வெட்டுகிறவருக்கும், புலம்பெயர் தொழிலாளர் உரிமைகள் பற்றி 2017-இல் மணிலாவில் கையெழுத்தான ஓர் இணக்கப்பாடு மட்டும் இருக்கிறது. அதற்குச் சட்டக் கட்டுப்பாடு கிடையாது. முதலாளி கடப்பிதழைப் பிடுங்கி வைத்துக்கொண்ட ஒரு பெண், என் அலுவலக வாசலில் நின்று வழி கேட்டிருக்கிறாள். அவளிடம் நான் எந்த ஆசியான் படிவத்தைக் கொடுப்பேன்?

உங்களால் முடியாது என்று நான் நினைக்கவில்லை. 1997 ஜூலை 2-இல் தாய்லாந்தின் நாணயமான பாட் சரிந்து, அது இந்தோனேசியாவரை பரவி, 1998-இல் அந்த நாட்டின் பொருளாதாரம் 13 சதவீதம் சுருங்கியது. அப்போது நான் பள்ளி மாணவி. அப்பாவுக்கு வேலை போனது. அந்த அடியிலிருந்து நீங்கள் கற்றுக்கொண்டீர்கள். சீனா, ஜப்பான், கொரியாவைச் சேர்த்துக்கொண்டு, நெருக்கடியில் ஒருவருக்கொருவர் டாலர் கொடுத்து உதவும் சியாங் மாய் ஏற்பாட்டை உருவாக்கினீர்கள். இன்று அதன் அளவு 24,000 கோடி டாலர். 2021-இலிருந்து சிங்கப்பூரில் இருப்பவர் கைப்பேசி எண்ணை மட்டும் வைத்து தாய்லாந்துக்குப் பணம் அனுப்பலாம். 2022-இல் லாவோசின் நீர்மின்சாரம் தாய்லாந்து, மலேசியா வழியாகச் சிங்கப்பூர் போய்ச் சேர்ந்தது. வெறும் 100 மெகாவாட்தான், ஆனாலும் நான்கு நாடுகள் ஒரு கம்பியில் இணைந்தன. ஆசியான் மின்கட்டம் என்ற யோசனை 1997-ஆம் ஆண்டுடையது. கால் நூற்றாண்டு தாமதம் என்றாலும் நடந்தது. மலேசியாவின் ஜொகூரில், மின்சாரத்தை விழுங்கும் தரவு மையங்கள் வரிசையாக எழும் இந்த நேரத்தில் அந்தக் கம்பி இன்னும் பெரிதாக வேண்டும்.

என் கோரிக்கைகள் பெரியவை அல்ல. சுங்க வகைப்பாட்டில் தகராறு வந்தால், ஆசியான் நாட்டுப் பெட்டியைப் பிடித்துவைக்காமல், உத்தரவாதம் வாங்கிக்கொண்டு விடுவித்துவிட்டு அப்புறம் வழக்கைப் பாருங்கள். அந்தத் தகராறை இத்தனை நாளுக்குள் தீர்க்க வேண்டும் என்று கெடு வையுங்கள்; தவறினால் டெமரேஜை நாடு கட்டட்டும். ஒரு நாட்டில் பதிவான உணவுப் பொருளுக்கு இன்னொரு நாட்டில் முதலிலிருந்து தொடங்க வேண்டிய நிலையை மாற்றுங்கள். 2017 மணிலா இணக்கப்பாட்டுக்குச் சட்ட பலம் கொடுங்கள். அடுத்த முறை வெளியிலிருந்து இப்படி ஓர் அடி விழுந்தால், லாவோசையும் மியன்மார் மக்களையும் புதிதாகச் சேர்ந்திருக்கும் திமோர் லெஸ்தேயையும் நடுவில் வைத்து, பதினொரு நாடுகளும் ஒரே மேசையில் ஒரே பக்கத்தில் உட்காருங்கள்.

அந்த பிஸ்கட்காரர் இப்போதும் எங்களுக்குப் பழக்கம்தான். அவருடைய மகள் தொழிலுக்கு வந்திருக்கிறாள். மறுபடியும் பக்கத்து நாட்டுக்கு அனுப்பிப் பார்க்கலாமா என்று போன வாரம் கேட்டாள். எத்தனை நாளில் பெட்டி கடைக்குப் போய்ச் சேரும் என்று ஒரே ஒரு கேள்விதான் அவளுக்கு. அவளுக்கு ஒரு தேதியைச் சொல்ல முடியும்படி செய்யுங்கள்.

இப்படிக்கு,
கிள்ளான் துறைமுகத்தில் சரக்குப் பத்திரம் எழுதும் ஒருத்தி