பட்டத்துக்குப் பின்னான ஆண்டுகளையும் எழுதுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில் நம் சதுரங்க கிராண்ட்மாஸ்டர்களைப் பற்றி வெளியான கட்டுரையை ஒரு வரி விடாமல் படித்தேன். தகவல்களில் குறை இல்லை. ஆனால் அதில் இடம்பெற்ற ஒவ்வொருவரின் வாழ்க்கையும், எத்தனை வயது, எத்தனை மாதம், எத்தனை நாளில் பட்டம் பெற்றார் என்ற கணக்கோடு நின்றுவிட்டது. அந்தக் கணக்கையே வேதவாக்காக எடுத்துக்கொண்டு பிள்ளைகளைப் போட்டிக்குப் போட்டி அழைத்துச் செல்லும் பெற்றோர் தில்லித் தமிழ்க் குடும்பங்களிலும் பெருகி வருவதால், விடுபட்ட பகுதியைப் பற்றி எழுதத் தோன்றியது.

வயதுக் கணக்குக்குத் தில்லியிலேயே ஒரு முன்னுதாரணம் உண்டு. இந்நகரைச் சேர்ந்த பரிமார்ஜன் நேகி 2006ஆம் ஆண்டு 13 வயது 4 மாதம் 22 நாளில் கிராண்ட்மாஸ்டரானபோது, அவரைவிடக் குறைந்த வயதில் அப்பட்டத்தை எட்டியிருந்தவர் அன்றைக்கு உக்ரைனுக்காக ஆடிய செர்கேய் கார்யாகின் ஒருவர்தான். 2018இல் பிரக்ஞானந்தா முறியடிக்கும் வரை இந்திய அளவில் அந்தச் சாதனை நேகியிடமே இருந்தது. இடையில் அவர் தேசிய சாம்பியனானார், ஆசிய சாம்பியனானார், 2014இல் நார்வேயின் ட்ரோம்சோ நகரில் நடந்த, நாட்டு அணிகள் மோதும் ஒலிம்பியாடில் இந்தியாவுக்காக முதல் பலகையில் (அணியின் முதன்மை ஆட்டக்காரராக) ஆடினார். ஆனந்த் இடம்பெறாத அந்த அணிதான் பொதுப் பிரிவில் நமக்கு முதன்முதலாக ஒலிம்பியாட் பதக்கம், வெண்கலம், வாங்கித் தந்தது. அந்தக் காலகட்டத்திலேயே அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்துக்குப் படிக்கச் சென்ற நேகி, சில ஆண்டுகளில் போட்டிச் சதுரங்கத்திலிருந்து ஏறக்குறைய முழுவதுமாக விலகிவிட்டார். இதை வீழ்ச்சி என்று நான் கருதவில்லை. ஒருவர் தன் இருபதுகளில் யோசித்து எடுத்த முடிவு அது. இருந்தும், 'இளம் வயதில் சாதித்தவர்கள்' பட்டியலில் அவர் பெயரை அச்சிடுகிறவர்கள் அடுத்த வரியை எழுதாமலே விடுகிறார்கள்.

ட்ரோம்சோ அணியின் ஐவரில் சசிகிரண், சேதுராமன், அதிபன் ஆகிய மூவர் தமிழ்நாட்டுக்காரர்கள். இவர்களில் கிருஷ்ணன் சசிகிரணைப் பற்றித் தமிழில் விரிவாக ஒரு கட்டுரை படித்த நினைவு எனக்கில்லை. 2000இல் கிராண்ட்மாஸ்டரான அவர், 2007 ஜனவரியில் 2700 ரேட்டிங்கை (ஆட்டத் திறனை அளக்கும் புள்ளிக் கணக்கு) எட்டினார். இந்தியாவில் ஆனந்துக்கு அடுத்து அந்த எல்லையைத் தொட்டவர் அவர். தேசியப் பட்டத்தை 1999, 2002, 2003, 2013 என்று நான்கு முறை வென்றிருக்கிறார். 2013இல் சென்னையில் கார்ல்சனுக்கு எதிராக ஆனந்த் உலகப் பட்டத்தைக் காக்க ஆடியபோது, திரைக்குப் பின்னால் இருந்து காய்நகர்த்தல்களை ஆராய்ந்து கொடுத்த உதவியாளர் குழுவிலும் இருந்தார். உலக சாம்பியன் ஆகாத, ஆனால் கால் நூற்றாண்டுக்கு மேல் உயர்ந்த தரத்திலேயே ஆடிய ஒருவரின் தொழில் வாழ்க்கை எப்படி இருக்கும் என்பதற்கு இவரைவிட நல்ல சான்று தேட வேண்டியதில்லை.

அடுத்து ஆர்.பி. ரமேஷ். 2002இல் பிரிட்டிஷ் சாம்பியன், 2007இல் காமன்வெல்த் சாம்பியன், நடுவில் கிராண்ட்மாஸ்டர் பட்டம். இந்தியன் ஆயில் நிறுவனத்தில் வேலை. மாதச் சம்பளம் தரும் பொதுத்துறை வேலை என்பது விளையாட்டு வீரர்களுக்கு எவ்வளவு பெரிய காப்பு என்பதைத் தில்லியில் வாழும் நமக்கு விளக்க வேண்டியதில்லை. இங்கு வந்து குடியேறிய தமிழர்களில் பெரும்பாலோர் அந்தக் காப்பை நம்பி வந்தவர்கள்தாம். அப்படிப்பட்ட வேலையை விட்டுவிட்டு, 2008இல் சென்னையில் செஸ் குருகுலம் என்ற பயிற்சிப் பள்ளியை மனைவியோடு சேர்ந்து தொடங்கினார். அவர் மனைவி ஆர்த்தி ராமசாமியும் எளிய பெயரல்லர். 1999இல் 18 வயதுக்குட்பட்டோருக்கான உலகப் பெண்கள் பட்டத்தை வென்றவர். பிரக்ஞானந்தா, வைஷாலி, அரவிந்த் சிதம்பரம், கார்த்திகேயன் முரளி என்று அங்கு பயின்றவர்களின் வரிசை நீளமானது. 2022இல் மாமல்லபுரம் ஒலிம்பியாடில் வெண்கலம் வென்ற இந்திய 'பி' அணிக்குத் தலைமைப் பொறுப்பு ஏற்றிருந்தவரும் ரமேஷ்தான். தன் சொந்த ஆட்டத்தை ஒதுக்கிவைத்துப் பிறர் ஆட்டத்தை வளர்த்த இந்த முடிவு, என் பார்வையில், தமிழ்நாட்டுச் சதுரங்க வரலாற்றில் ஆனந்தின் முதல் உலகப் பட்டத்துக்கு நிகரான திருப்பம். குகேஷின் தொடக்கக்காலப் பயிற்சியாளர் விஷ்ணு பிரசன்னாவும் இதே வழியில் வந்த கிராண்ட்மாஸ்டர்தான். 2024 டிசம்பர் 12 அன்று சிங்கப்பூரில் டிங் லிரெனை வென்று குகேஷ் 18 வயதில் உலக சாம்பியனான மறுநாள், விஷ்ணுவின் பெயரைத் தமிழ் நாளிதழ்களில் பூதக்கண்ணாடி வைத்துத் தேட வேண்டியிருந்தது.

குகேஷின் தந்தை காது மூக்கு தொண்டை மருத்துவர். மகனோடு ஊர் ஊராகச் செல்வதற்காகத் தொழிலைப் பெரும்பாலும் நிறுத்திவிட்டார். இந்தச் செய்தியைப் படித்துவிட்டு, 'நாமும் அப்படிச் செய்தால் என்ன' என்று பேசிக்கொள்ளும் தந்தைமாரை இங்குள்ள வார இறுதிப் போட்டிகளில் நான் பார்க்கிறேன். பள்ளிக்கூடத்து வாசலிலேயே நிறுத்தப்பட்டு, கைப்பேசியில் அடுத்த சுற்றின் ஜோடி வந்துவிட்டதா என்று பார்த்துக்கொண்டு, மதியச் சாப்பாட்டுப் பையோடு வெயிலில் நிற்பார்கள். பத்து வயதுப் பையன் தன்னைவிட ரேட்டிங் குறைந்த ஏழு வயதுக் குழந்தையிடம் தோற்றுவிட்டு வெளியே வந்தால், 'எந்த இடத்தில் தப்பு விட்டாய்' என்று கேட்பதற்கு முன்பே எத்தனை புள்ளி போயிற்று என்ற கணக்கு தொடங்கிவிடும்.

இந்தப் பெற்றோருக்குத் தெரிய வேண்டிய செய்திகள் வேறு. கிராண்ட்மாஸ்டர் பட்டத்துக்கு 2500 ரேட்டிங்கைத் தொடுவதோடு, வேறு நாட்டவரும் கிராண்ட்மாஸ்டர்களும் போதிய அளவில் ஆடும் போட்டிகளில் மூன்று 'நார்ம்' பெற வேண்டும். ஒவ்வொன்றும் ஏறத்தாழ 2600 தரத்தில் ஆடியதற்கான சான்று. அதற்காகவே நம் பிள்ளைகள் ஸ்பெயினுக்கும் செர்பியாவுக்கும் ஹங்கேரிக்கும் சென்று வருகிறார்கள். விசா, விமானக் கட்டணம், பயிற்சியாளர் ஊதியம் எல்லாம் குடும்பத்தின் கையிலிருந்து போகிறது. இந்தியாவில் 1988இல் ஆனந்த் ஒருவரே கிராண்ட்மாஸ்டர். இன்று அந்த எண்ணிக்கை 85ஐத் தாண்டிவிட்டது. இவர்களில் பரிசுப் பணத்தை மட்டுமே நம்பி வாழக்கூடியவர்கள் மிகச் சிலரே. மற்றவர்கள் பயிற்சியாளராகவோ, பிறருக்கு ஆய்வு செய்து தருபவராகவோ, வர்ணனையாளராகவோ, பொதுத்துறை ஊழியராகவோ வாழ்கிறார்கள். இவை மதிப்பான வாழ்க்கைகள்தாம், ஆனால் அவற்றைப் பற்றி யாராவது எழுதினால்தானே தெரியும்?

பெண்களைப் பொறுத்தவரை இந்த மறதி இன்னும் கூடுதல். எஸ். விஜயலட்சுமி, பெண்களுக்கென்றே உள்ள தனிப் பட்டமான மகளிர் கிராண்ட்மாஸ்டர் பட்டத்தை இந்தியாவில் முதலில் பெற்றவர். 2000இல் இஸ்தான்புல் ஒலிம்பியாடிலும் 2002இல் பிளெட் ஒலிம்பியாடிலும் தனிநபர் வெள்ளிப் பதக்கம் பெற்றவர். 2024இல் புடாபெஸ்டில் நம் மகளிர் அணி தங்கம் வென்றதும் வைஷாலியைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதினோம், அது நியாயமும்கூட. விஜயலட்சுமிக்கு ஒரு பத்தி ஒதுக்கியிருக்கலாம்.

பழைய தலைமுறைக்கு வந்தால், 1961இல் இந்தியாவின் முதல் சர்வதேச மாஸ்டரான (கிராண்ட்மாஸ்டருக்கு ஒரு படி கீழான பட்டம்) மானுவல் ஆரன், அடுத்த ஆண்டு ஸ்டாக்ஹோமில் போர்டிஷ், ஊல்மன் என்ற இரு முன்னணி கிராண்ட்மாஸ்டர்களைத் தோற்கடித்தவர். கிராண்ட்மாஸ்டர் பட்டம் அவருக்கு வாய்க்கவில்லை. பஞ்சாபின் மீர் சுல்தான் கானோ மூன்று முறை பிரிட்டிஷ் சாம்பியனாகி, ஹேஸ்டிங்ஸ் போட்டியில் முன்னாள் உலக சாம்பியன் கபாபிளாங்காவையே வென்றும், தன்னை ஆதரித்த பிரபுவோடு ஊர் திரும்பியதும் பன்னாட்டு ஆட்டத்திலிருந்து மறைந்துபோனார். 1966இல் இறந்த அவருக்கு உலக சதுரங்கக் கூட்டமைப்பான ஃபிடே கௌரவ கிராண்ட்மாஸ்டர் பட்டம் அளித்தது 2024இல்தான்.

எனவே ஞாயிறு இணைப்பில் இத்தகையவர்களைப் பற்றி ஒரு தொடரையே வெளியிடலாம். சசிகிரண், ரமேஷ், விஜயலட்சுமி ஆகியோர் நம் காலத்தில் நம்மிடையே இருக்கிறார்கள். நேரில் கேட்டே எழுதிவிடலாம். பட்டம் பெற்றபின் வந்த முதல் பத்து ஆண்டுகளை எப்படி ஓட்டினார்கள், வீட்டில் என்ன பேச்சு நடந்தது, படிப்பை என்ன செய்தார்கள் என்பவற்றைக் கட்டாயம் கேளுங்கள். தில்லியின் பங்கையும் அதில் சேர்க்கலாம்: 2000இல் ஆனந்த் உலகப் பட்டம் வென்ற தொடரில், ஷிரோவுடனான இறுதிச் சுற்று மட்டும்தான் தெஹ்ரானில் நடந்தது, அதற்கு முந்தைய சுற்றுகள் நடந்தது இந்த ஊரில் என்பது இங்குள்ள தமிழ்ப் பள்ளி மாணவர்கள் பலருக்குத் தெரியாது.

இன்னொரு வேண்டுகோள். விளையாட்டுப் பக்கங்கள் தில்லிப் பதிப்பில் பல நாள் சுருங்கியே வருகின்றன. அத்தொடர் வெளியானால் அதை இங்கும் முழுமையாக அச்சிட ஏற்பாடு செய்ய வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்,
ஆர்.கே. புரம், புதுதில்லி